கூடி நின்றவர்களில் யார் கொலையாளி? சட்டக் கேள்வி பதில்

கொலை வழக்குகளில் கூட்டுப் பொறுப்பு பற்றி வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில் தருகிறோம். வெறுமனே பிரிவு எண் வந்தால் அது 1.7.2024 முதல் நடப்பில் உள்ள புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவைக் குறிக்கும். 'பழைய' என்று சேர்த்திருந்தால் இந்திய தண்டனைச் சட்டம்.

கேள்வி: என் மகன் யாரையும் தொடக்கூட இல்லை. நண்பர்களோடு போய் நின்றான், அவ்வளவுதான். ஏ6, அதாவது ஆறாவது குற்றம் சாட்டப்பட்டவர் என்று சேர்த்துக் கொலை வழக்குப் போட்டுவிட்டார்கள். அடிக்காதவன் எப்படிக் கொலைகாரன் ஆவான்?
(ஒரு தாய், விருதுநகர்)

அடிக்காதவரும் கொலைக் குற்றவாளி ஆகலாம். அதே சமயம், அங்கே நின்றார் என்பதற்காக மட்டும் யாரையும் தண்டிக்க முடியாது. இந்த இரண்டுக்கும் நடுவில்தான் உங்கள் மகன் வழக்கு இருக்கிறது.

ஆறு பேர் என்பதால் போலீஸ் பெரும்பாலும் பிரிவு 190-ஐச் (பழைய 149) சேர்த்திருக்கும். அந்தப் பிரிவில் அரசுத் தரப்பு இரண்டு விஷயங்களை நிரூபிக்க வேண்டும். உங்கள் மகன் அந்தக் கூட்டத்தில் ஓர் ஆள். வேடிக்கை பார்த்தவரோ வழிப்போக்கரோ அல்ல. இது முதலாவது. கூட்டம் எதற்காகப் போகிறது என்பது அவருக்குத் தெரியும். அல்லது போகிற வேகத்தில் கொலை விழக்கூடும் என்பதாவது தெரியும். இது இரண்டாவது. இரண்டும் நிரூபணமானால் அவர் கையில் கத்தி இருந்ததா, அவர் வெட்டினாரா என்பதெல்லாம் தேவையில்லை.

தெரியும் என்பதை மனதுக்குள் புகுந்து பார்க்க முடியாது. ஆகவே நீதிமன்றம் நடத்தையைப் பார்க்கும். ஒரே வண்டியில் வந்தார்களா, எத்தனை பேர் கையில் ஆயுதம் இருந்தது, அது வெளியே தெரிந்ததா, வழியை மறித்தது யார், கதவைச் சாத்தியது யார், முடிந்ததும் சேர்ந்து ஓடினார்களா, செத்தவரோடு இவருக்குத் தனிப்பகை உண்டா என்றெல்லாம் ஆராயும். 1976-ல் ராமசாமி அய்யங்கார் எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது: காரியம் நடக்க ஏதோ ஒரு வகையில் வசதி செய்து கொடுத்து அங்கே இருந்தால், அந்த இருப்பே பங்கேற்புதான். 'சும்மா நின்றான்' என்பது மட்டுமே தற்காப்பாக இருந்தால் அது பலவீனமான தற்காப்பு. 'ஏன் நின்றான், எப்போது வந்தான், வெட்டு விழுந்ததும் என்ன செய்தான்' என்று விளக்கினால்தான் எடுபடும்.

முதலில் காகிதங்களை வாங்குங்கள். எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) நீதிமன்றத்தில் முன்னிறுத்தப்பட்ட அல்லது ஆஜரான நாளிலிருந்து 14 நாளுக்குள் குற்றப்பத்திரிகை நகல்கள் தரப்பட வேண்டும் என்கிறது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் பிரிவு 230. கட்டில் நான்கு காகிதங்களை அடுத்தடுத்து வைத்துப் படிக்க வேண்டும். ஒன்று, முதல் தகவல் அறிக்கை: அதில் உங்கள் மகன் பெயர் இருக்கிறதா, அது எத்தனை மணிக்கு மாஜிஸ்திரேட் கைக்குப் போனது? இரண்டு, ஆஸ்பத்திரியின் விபத்துப் பதிவேட்டு நகல், அதாவது ஏ.ஆர். காப்பி. 'தெரிந்த நான்கு பேர் அரிவாளால் வெட்டியதாக' என்பதுபோல் டாக்டர் எழுதியிருப்பார். அங்கே நான்கு என்று இருந்து, மறுநாள் ஆறாக வளர்ந்திருந்தால் அந்த இரண்டு பேர் எங்கிருந்து முளைத்தார்கள் என்று கேட்க இடமுண்டு. மூன்று, பிரேத விசாரணை அறிக்கை, அதாவது சாவு பற்றிப் போலீஸ் விசாரித்து எழுதும் இன்க்வெஸ்ட். நான்கு, பிரேதப் பரிசோதனை அறிக்கை: காயங்கள் எத்தனை, எந்த ஆயுதத்தால் ஏற்பட்டிருக்கும், சாட்சி சொல்லும் வெட்டுகளோடு பொருந்துகிறதா?

சாட்சி விசாரணைக்கு முன்பே வழக்கிலிருந்து விடுவிக்கக் கேட்கும் விடுவிப்பு மனு போட விரும்பினால், வழக்கு செஷன்ஸ் கோர்ட்டுக்கு அனுப்பப்பட்ட நாளிலிருந்து 60 நாள்தான் அவகாசம் (பிரிவு 250, அதே நடைமுறைச் சட்டம்). ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறோம். இந்தக் கட்டத்தில் நீதிமன்றம் வலுவான சந்தேகம் இருக்கிறதா என்று மட்டும் பார்க்கும். வக்கீல்கள் 'ஓவர்ட் ஆக்ட் இல்லை', அதாவது இவர் தன் கையால் எதுவும் செய்யவில்லை என்று வாதாடுவார்களே, அது ஜாமீனுக்கு உதவுகிற அளவு விடுவிப்புக்கு உதவாது.

அவர் அங்கே இல்லவே இல்லை என்றால் அது வேறு வழக்கு. வேறிடத்தில் இருந்ததை நிரூபிக்கும் சுமை உங்கள் பக்கம். கடை, டோல்கேட், பஸ் நிலையம் என எங்கே கேமரா இருந்தாலும் பதிவு சில நாளிலோ வாரத்திலோ அழிந்துவிடும். கைதான வாரத்திலேயே பதிவைப் பாதுகாக்கச் சொல்லி போலீசுக்கும் நீதிமன்றத்துக்கும் எழுத்தில் மனு கொடுத்துவிடுங்கள். விசாரணை முடியும்போது முதன்முறையாகச் சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள்.

கேள்வி: பொது எண்ணம், பொது நோக்கம். இரண்டும் ஒன்றுபோலத்தான் தெரிகிறது. தேர்வுக்காக இல்லாமல் வழக்கு நடத்தும் கோணத்தில் வித்தியாசம் சொல்ல முடியுமா?
(சட்டக் கல்லூரி மாணவி, சேலம்)

பொது எண்ணம் பிரிவு 3(5), பழைய 34. பொது நோக்கம் பிரிவு 190, பழைய 149. முன்னதற்கு இரண்டு பேர் போதும். பின்னதற்குக் குறைந்தது ஐந்து பேர். முன்னதில் பங்கேற்பு வேண்டும், சிறியதானாலும் சரி. பின்னதில் உறுப்பினராக இருந்தாலே போதும். 3(5) தனிக் குற்றமல்ல, பொறுப்பைப் பங்கு வைக்கும் விதி. 190 அப்படியல்ல, நீதிமன்றம் குற்றச்சாட்டை எழுத்தில் வனையும்போதே அதைக் குறிப்பிட வேண்டும்.

ஆனால் வழக்குகள் ஜெயிப்பதும் தோற்பதும் வேறு இடத்தில். 3(5)-ல் மனங்கள் முன்கூட்டியே ஒன்றுபட்டிருக்க வேண்டும். அதற்கு மாதக்கணக்கில் திட்டம் போட வேண்டியதில்லை, சம்பவ இடத்திலேயே நொடியில் உருவாகலாம். எனினும் வெட்டு விழுவதற்கு முன் உருவாகியிருக்க வேண்டும். ஆளுக்கு ஆள் ஒரே மாதிரி எண்ணம் இருப்பது வேறு, எண்ணத்தைப் பகிர்ந்துகொள்வது வேறு. 1945-ல் பிரிவி கவுன்சில் (ஆங்கிலேயர் ஆட்சியில் லண்டனில் இருந்த உச்ச மேல்முறையீட்டு மன்றம்) தீர்த்த மஹ்பூப் ஷா வழக்கை இதற்காகவே படிக்க வேண்டும். சிந்து நதிக்கரையில் நாணல் அறுத்துப் படகில் கொண்டுபோனவர்களுக்கும் நிலத்துக்காரர் தரப்புக்கும் தகராறு. நிலத்துக்காரர் தரப்பு ஆள் ஒருவர் அடிபட்டுக் கத்தியதும் அதே தரப்பிலிருந்து துப்பாக்கியோடு இரண்டு பேர் ஓடிவந்தார்கள். ஒருவர் சுட்டதில் ஒருவர் செத்தார். மஹ்பூப் ஷா சுட்டதில் இன்னொருவருக்குக் காயம். இருவருக்கும் இருந்தது கத்தியவரை மீட்க வேண்டும் என்ற ஒரே மாதிரியான எண்ணம்தான், சேர்ந்து கொல்லும் எண்ணம் நிரூபிக்கப்படவில்லை என்று சொல்லி மஹ்பூப் ஷாவைக் கொலைக் குற்றத்திலிருந்து விடுவித்தது பிரிவி கவுன்சில்.

இதற்கு எதிர்முனை, கல்கத்தா சங்கரிடோலா தபால் நிலையத்தில் 1923-ல் நடந்த கொலை. உள்ளே போஸ்ட் மாஸ்டரைச் சுட்டவர்கள் வேறு ஆட்கள், தான் வெளியே முற்றத்தில் நின்றதாகவே பரேந்திர குமார் கோஷ் சொன்னார். அவர் வாதத்தை அப்படியே ஏற்றாலும் பொறுப்பு மாறாது என்றது பிரிவி கவுன்சில். கொள்ளைக்கு என்று ஆயுதத்தோடு சேர்ந்து வந்தவர் வெளியே நின்றாலும் வேலையில் ஒரு பங்கைச் செய்கிறார்.

190-க்கு வந்தால், அதில் இரண்டு கால்கள் இருக்கின்றன. பொது நோக்கத்தை நிறைவேற்றும்போது நடந்த குற்றம் ஒன்று. நடக்கக்கூடும் என்று உறுப்பினர்களுக்குத் தெரிந்த குற்றம் இன்னொன்று. அரசுத் தரப்பு அதிகம் சாய்வது இரண்டாவது காலின் மீது. நிலத்தைப் பிடிக்கத் துப்பாக்கியோடும் ஈட்டியோடும் போனார்கள், எதிர்ப்பு வந்தது, ஒருவர் சுட்டார். கொல்வது நோக்கமில்லை என்று மற்றவர்கள் சொன்னாலும், ஆயுதத்தைப் பார்த்தே போனவர்களுக்கு விளைவு தெரியாமலிருக்காது. 1959-ல் மிசாஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் போன பாதை இதுதான்.

குறுக்கு விசாரணைக்குத் தயாராகும்போது ஒரு கேள்வியைத் தனியே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்: குற்றம் நடந்த அந்தக் கணத்தில் இவர் உறுப்பினரா? முன்பே விலகிப் போனவருக்கு 190 பொருந்தாது. நல்ல நோக்கத்தோடு கூடிய கூட்டம் நடுவில் சட்டவிரோதமாக மாறலாம் என்று பிரிவு 189 விளக்கமே சொல்கிறது. அப்படி மாறிய பிறகும் தெரிந்து தொடர்ந்தாரா என்பது ஒவ்வொருவருக்கும் தனித்தனிக் கேள்வி.

கேள்வி: ஐந்து பேர் மீது குற்றச்சாட்டு. இரண்டு பேரைக் கோர்ட் விடுதலை செய்துவிட்டது. மீதி மூன்று பேரை வைத்துச் சட்டவிரோதக் கூட்டம் என்று எப்படிச் சொல்ல முடியும்?
(வாசகர், திண்டுக்கல்)

குற்றப்பத்திரிகையில் என்ன எழுதியிருக்கிறது என்பதைப் பொறுத்தது. 'இந்த ஐந்து பேர் மட்டும்' என்று பெயர் குறிப்பிட்டு, வேறு யாரும் இல்லை என்பது அரசுத் தரப்பின் கதையாக இருந்தால், இரண்டு பேர் போனதும் எண்ணிக்கை உடைந்துவிடும். 190 நிற்காது. 'இந்த ஐந்து பேரும் அடையாளம் தெரியாத மேலும் சிலரும்' என்று இருந்து, அந்தச் சிலர் இருந்ததற்குச் சாட்சியமும் இருந்தால், கையில் கிடைத்தவர் ஒருவரே ஆனாலும் 190 நிற்கும். தலைமறைவானவரும் எண்ணிக்கையில் சேர்வார். சிறார் நீதி வாரியத்தில் தனியே விசாரிக்கப்படும் சிறுவரும் சேர்வார்.

190 உடைந்ததும் விடுதலை என்று நினைத்துவிடாதீர்கள். நீங்கள் சொல்லும் அதே கணக்குதான் மோகன் சிங் வழக்கில் இருந்தது: ஐந்தில் இரண்டு பேர் விடுதலை. பழைய 149 போய்விட்டது என்று ஒப்புக்கொண்ட உச்ச நீதிமன்றம், மீதியிருந்தவர்களின் தண்டனையைப் பழைய 34-ன் கீழ் உறுதி செய்தது. குற்றச்சாட்டில் பழைய 34 இல்லை என்ற வாதம், எதிரிக்குப் பாதகம் ஏற்பட்டதாகக் காட்ட முடிந்தால்தான் எடுபடும்.

3(5)-க்கும் ஒரு தரைமட்டம் உண்டு. 1963-ல் கிருஷ்ண கோவிந்த் பாட்டீல் வழக்கில் குற்றச்சாட்டு நான்கு பேர் மீது மட்டும். மூன்று பேரின் விடுதலையை ஏற்றுக்கொண்டே நான்காமவரை 'மற்றவர்களோடு சேர்ந்து கொன்றார்' என்று உயர் நீதிமன்றம் தண்டித்தது. யாரோடு சேர்ந்து என்று கேட்டு உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது.

கேள்வி: கைகலப்புக்குத்தான் போனோம். கட்டை மட்டும்தான் வைத்திருந்தோம். எங்களில் ஒருவன் இடுப்பிலிருந்து கத்தியை எடுத்துக் குத்துவான் என்று யாருக்கும் தெரியாது. எல்லோருக்கும் ஆயுளா?
(பெயர் வேண்டாம், தூத்துக்குடி)

தெரியாது என்பது உண்மையென்று தெரிந்தால், இல்லை. கத்தி வெளியே தெரியாமல் இருந்தது, ஒரே ஒரு குத்து, அதுவும் திடீரென்று, மற்றவர்களின் கட்டை அடி கை கால்களில் மட்டும். இப்படி இருந்தால் கொலையைக் குத்தியவரோடு நிறுத்தி, மற்றவர்களைக் காயம் அல்லது கொடுங்காயத்துக்கு (பிரிவு 115(2), 117(2)) மட்டும் தண்டிக்கும் வழக்கம் நெடுங்காலமாக இருக்கிறது. திடீர்ச் சண்டை என்ற விலக்கு பொருந்தினால் குத்தியவர் குற்றமே கொலையிலிருந்து பிரிவு 105-க்கு (கொலையாகாத மரணம் விளைவித்தல்) இறங்கலாம். அங்கே கொல்லும் எண்ணம் இருந்தால் ஆயுள் அல்லது 5 முதல் 10 ஆண்டு. சாவு நேரலாம் என்ற அறிவு மட்டும் இருந்தால் அதிகபட்சம் 10 ஆண்டு.

இந்த வாதம் கெடும் இடங்களும் உண்டு. கட்டை அடி தலையில் விழுந்திருந்தால் கெடும். முதல் குத்துக்குப் பிறகும் மற்றவர்கள் ஆளைப் பிடித்துக்கொண்டிருந்தால் முழுசாகக் கெடும். பொது எண்ணம் அந்த நொடியில் பிறந்துவிட்டது என்பார்கள். 'வெட்டுடா' என்று ஒருவர் கத்தியதாகச் சாட்சி சொன்னால் கத்தியவருக்குச் சிக்கல். ஆனால் நீதிமன்றங்கள் இந்தக் கூச்சல் சாட்சியத்தை எச்சரிக்கையாகவே பார்க்கின்றன. எதிர்த் தரப்புப் பெரியவர் ஒருவரை உள்ளே தள்ள மிகச் சுலபமாகச் சேர்க்கக்கூடிய வரி அது என்பது அவற்றுக்கும் தெரியும்.

கேள்வி: கார் ஓட்டியவர், போனில் ஆள் நடமாட்டம் சொன்னவர், பிறகு வீட்டில் தங்க இடம் கொடுத்தவர். இவர்கள் எல்லோரும் ஒரே தட்டிலா?
(வாசகர், கோயம்புத்தூர்)

ஒரே தட்டில் இல்லை. எதற்குப் போகிறோம் என்று தெரிந்தே கொண்டுபோய் இறக்கி, எஞ்சினை அணைக்காமல் காத்திருந்த ஓட்டுநர் 3(5)-க்குள் வருவார். வாடகைக்கு வந்து ஒன்றும் அறியாதவர் சாட்சியாகத்தான் வர வேண்டும். போனில் தகவல் சொன்னவர் சம்பவ இடத்தில் இல்லை. அவருக்குச் சரியான பிரிவு கூட்டுச்சதி 61(2) (பழைய 120பி) அல்லது உடந்தை. கொலைச் சதி நிரூபணமானால் தண்டனை கொலைக்கு உடந்தையாக இருந்தவருக்கு உள்ளதுதான், அதாவது கொலை செய்தவருக்கு உள்ளதே. தங்க இடம் கொடுத்தவர் கொலைக்குப் பிறகு வந்தவர். அவருக்குக் கொலை ஒட்டாது. குற்றவாளிக்கு அடைக்கலம் என்றால் பிரிவு 249-ன் கீழ் 5 ஆண்டு வரை, தடயத்தை அழித்தால் 238-ன் கீழ் 7 ஆண்டு வரை. அடைக்கலம் கொடுத்தது கணவனோ மனைவியோ என்றால் 249 பொருந்தாது.

சதிக்கு வெறும் பழக்கமும் போன் பேச்சும் போதாது. ராஜீவ் காந்தி கொலை வழக்கில் தடா (பயங்கரவாதத் தடுப்புச் சட்ட) நீதிமன்றம் 26 பேருக்கும் தூக்கு விதித்தது. 1999-ல் உச்ச நீதிமன்றம் 19 பேரைக் கொலைச் சதிக் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. 2016-ல் நடந்த உடுமலைப்பேட்டை ஆணவக் கொலை வழக்கிலும் 2020-ல் சென்னை உயர் நீதிமன்றம், சதி நிரூபிக்கப்படவில்லை என்று பெண்ணின் தந்தையை விடுவித்து, ஐந்து பேரின் தூக்கை ஆயுளாகக் குறைத்தது. யார் யாரை எத்தனை முறை அழைத்தார்கள் என்ற பட்டியல், என்ன பேசினார்கள் என்பதற்குச் சாட்சியம் ஆகாது. அதோடு பணம், ஆயுதம், நேரம் என்று வேறு ஏதாவது பொருந்த வேண்டும். போன் பதிவுகளை முறையான மின்னணுச் சான்றிதழ் இல்லாமல் தாக்கல் செய்து வழக்கைக் கெடுப்பது இன்றும் நடக்கிறது.

கேள்வி: ஏ1 போலீசில் கொடுத்த வாக்குமூலத்தில் என் பெயரைச் சொல்லியிருக்கிறானாம். என் கதை முடிந்ததா?
(பெயர் வேண்டாம், மதுரை)

முடியவில்லை. போலீசிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் அவருக்கு எதிராகவே சாட்சியம் ஆகாது. உங்களுக்கு எதிராக எப்படி ஆகும்? அவர் காட்டிக் கொடுத்து அரிவாள் எடுக்கப்பட்டால், அந்தக் கண்டுபிடிப்போடு சம்பந்தப்பட்ட வரி மட்டும் அவருக்கு எதிராகப் போகும். மாஜிஸ்திரேட் முன்பு கொடுத்த வாக்குமூலமாக இருந்து, இருவரும் சேர்ந்து விசாரிக்கப்பட்டால் நீதிமன்றம் அதைக் கணக்கில் எடுக்கலாம். அப்போதும் வேறு சாட்சியத்தால் நம்பிக்கை வந்த பிறகு அதை உறுதிப்படுத்த மட்டுமே. அவர் மன்னிப்புப் பெற்று அரசுத் தரப்புச் சாட்சியாக, அதாவது அப்ரூவராக மாறினால்தான் நீங்கள் கவலைப்பட வேண்டும். கூண்டேறிச் சத்தியம் செய்து சொல்வார். முக்கிய விவரங்களில் வேறு சாட்சியத்தின் ஆதரவு கிடைத்துவிட்டால் அது கனமான சாட்சியம்.

கேள்வி: எங்கள் அண்ணனைக் கொன்றவர்கள் ஐந்தாறு பேர். புகாரில் அவர்கள் குடும்பத்துப் பெரியவர்கள், பிள்ளைகள் என்று 14 பெயரையும் எழுதச் சொல்கிறார்கள் உறவினர்கள். எழுதலாமா?
(வாசகி, திருவாரூர்)

எழுதாதீர்கள். நியாயத்துக்காக மட்டும் சொல்லவில்லை, உங்கள் வழக்குக்காகவும் சொல்கிறோம். பகை இருக்கும் ஊரில் வீட்டு ஆண்கள் அத்தனை பேரையும் சேர்ப்பது நடக்கும் என்பதை எல்லா நீதிபதிகளும் அறிவார்கள். 14 பெயர் வந்ததும் யார் எந்த இடத்தில் வெட்டினார்கள் என்று ஒவ்வொரு சாட்சியும் 14 பேருக்கும் பாகம் பிரித்துச் சொல்ல வேண்டும். நிமிடக்கணக்கில் நடந்து முடிந்த தாக்குதலில் அது மனித சாத்தியமில்லை. சாட்சிகள் மனப்பாடம் செய்வார்கள், குறுக்கு விசாரணையில் உடைவார்கள், பிரேதப் பரிசோதனையில் காயம் ஏழு என்று இருக்கும். பொய்யை நீக்கிவிட்டு உண்மையை மட்டும் எடுக்கலாம் என்று சட்டம் அனுமதிக்கிறது என்றாலும், இரண்டும் பிரிக்க முடியாமல் கலந்துவிட்டால் உண்மைக் குற்றவாளியும் சேர்ந்தே வெளியே போவான்.

பெரிய கூட்டம் சம்பந்தப்பட்ட வழக்குகளுக்கு மசால்டி வழக்கில் 1964-ல் உச்ச நீதிமன்றம் ஒரு அளவுகோல் சொன்னது: ஓர் எதிரியைத் தண்டிக்க, முரணில்லாமல் பேசும் இரண்டு அல்லது மூன்று சாட்சிகளாவது அவரைச் சொல்ல வேண்டும். கட்டாய விதியில்லை, ஆனால் விசாரணை நீதிமன்றங்கள் இன்றும் கையில் எடுக்கும் அளவுகோல் இதுதான். உறவினர் என்பதாலேயே சாட்சியத்தைத் தள்ள முடியாது என்றும் அதே தீர்ப்பு சொன்னது. ஆகவே நேரில் பார்த்தவர் பார்த்ததை மட்டும் சொல்லட்டும். முகம் தெரிந்து பெயர் தெரியாதவர்களை 'பார்த்தால் அடையாளம் காட்டுவேன், மேலும் இரண்டு பேர்' என்று எழுதுங்கள். எண்ணிக்கைக்கும் அது உதவும், அடையாள அணிவகுப்புக்கும் உதவும். ஆஸ்பத்திரியில் டாக்டரிடம் சொல்வதும் போலீசில் எழுதுவதும் ஒன்றாக இருக்க வேண்டும்.

உண்மையில் பங்கேற்ற ஒருவரைப் போலீஸ் விட்டுவிட்டால் வழி இருக்கிறது. விசாரணையில் சாட்சியம் வந்த பிறகு, நடைமுறைச் சட்டம் பிரிவு 358-ன் கீழ் (முந்தைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 319) அவரையும் சேர்க்க அரசு வக்கீல் வழியாக மனு போடலாம். வெறும் பெயர் சொன்னது போதாது. குற்றச்சாட்டு வனையத் தேவையானதைவிட வலுவான சாட்சியம் வேண்டும் என்று 2014-ல் ஹர்தீப் சிங் வழக்கில் அரசமைப்பு அமர்வு சொல்லியிருக்கிறது. அரசு வக்கீலுக்கு உதவியாக உங்கள் செலவில் ஒரு வக்கீலை வைத்துக்கொள்ள நீதிமன்றம் அனுமதிக்கலாம். எதிரிகள் விடுதலையானால், அரசு மேல்முறையீடு செய்யாவிட்டாலும் நீங்களே செய்யலாம்.

இறந்தவர் பட்டியல் சாதி அல்லது பழங்குடியினராக இருந்து, கொன்றவர்கள் அந்தப் பிரிவைச் சேராதவர்களாக இருந்தால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3(2)(v) சேர்க்கப்பட்டிருக்கிறதா என்று முதல் வாரத்திலேயே பாருங்கள்.

கேள்வி: எட்டு பேரில் மூன்று பேர் தலைமறைவு. அவர்கள் பிடிபடும்வரை எங்களுக்கு ஜாமீனும் இல்லை, விசாரணையும் இல்லை என்கிறார்களே?
(பெயர் வேண்டாம், வேலூர்)

அப்படி விதி இல்லை. அவர்கள் பங்கைப் பிரித்துத் தனி வழக்காக்கி உங்கள் விசாரணையை நடத்தலாம். மனுப் போட்டுக் கேளுங்கள். கொலை வழக்கில் முதல் ரிமாண்டிலிருந்து 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராவிட்டால் ஜாமீன் உரிமையாகிறது. ஆனால் குற்றப்பத்திரிகை தாக்கலாவதற்குள் நீங்கள் மனு கொடுத்திருக்க வேண்டும். 91-ஆம் நாள் காலையில் கொடுக்காமல் மறுநாளைக்கு ஒத்திப்போட்டு இந்த உரிமையை இழந்தவர்கள் பலர்.

கேள்வி: கும்பல் கொலைக்குப் புதுப் பிரிவு வந்ததாகச் சொல்கிறார்களே?
(வாசகர், சென்னை)

பிரிவு 103(2). இனம், சாதி அல்லது சமூகம், பாலினம், பிறந்த இடம், மொழி, தனிப்பட்ட நம்பிக்கை அல்லது அதுபோன்ற காரணத்துக்காக ஐந்து பேரோ அதற்கு மேலோ ஒன்றுசேர்ந்து கொன்றால், ஒவ்வொருவருக்கும் மரண தண்டனை அல்லது ஆயுள், அபராதமும் உண்டு. தண்டனை அளவில் 103(1)-க்கும் (பொதுவான கொலைப் பிரிவு) இதற்கும் வித்தியாசம் இல்லை. திருடன், பிள்ளை பிடிப்பவன் என்ற சந்தேகத்தில் அடித்துக் கொல்வது 'அதுபோன்ற காரணம்' ஆகுமா என்பதில் வாதத்துக்கு இடமிருக்கிறது. ஆகவே அத்தகைய வழக்குகளில் 103(1)-ஐ 190-உடன் சேர்த்தே வைப்பது பாதுகாப்பு. 1.7.2024-க்கு முன் நடந்த சம்பவம் என்றால் 103(2) பொருந்தாது. பழைய 302-உம் 149-உம்தான்.

கேள்வி: எல்லோரும் சமமாகக் குற்றவாளி என்றால் தண்டனையும் சமமா?
(வாசகர், ஈரோடு)

கொலை என்று முடிவானால் ஆயுளுக்குக் கீழே யாருக்கும் இறங்க முடியாது. அந்த வகையில் வெட்டியவருக்கும் வாசலில் காவல் நின்றவருக்கும் ஒரே தரைமட்டம். அதற்கு மேலே, தூக்கா ஆயுளா என்ற தேர்வில் ஆளுக்கு ஆள் பார்க்க வேண்டும்: யார் திட்டம் போட்டது, யார் கையால் மரணம், வயது என்ன, முன் குற்றம் உண்டா? தண்டனை பற்றிய விசாரணை நாளில் பல வக்கீல்கள் 'குறைந்தபட்சத் தண்டனை கேட்கிறோம்' என்று ஒரு வரியோடு நிறுத்திவிடுகிறார்கள். குடும்ப நிலை, சிறை நடத்தை அறிக்கை, மருத்துவப் பதிவு எல்லாவற்றையும் ஒவ்வோர் எதிரிக்கும் தனித்தனியாக எழுத்தில் கொடுங்கள். மேல்முறையீட்டின்போது தண்டனையை நிறுத்தி வைக்கக் கேட்டுப் போடும் மனுவுக்கும் அந்தக் காகிதங்கள் வேண்டியிருக்கும்.